ஒன்பதாம் சுற்றில் வெள்ளைக் காய்

ஆட்டம் முடிந்த பிறகும் டிலக்ஸன் உடனே எழும்ப மாட்டான். வென்றாலும் சரி, தோற்றாலும் சரி, எதிராளிக்குக் கை கொடுத்துவிட்டு, வெட்டுப்பட்டு ஓரத்தில் கிடக்கும் காய்களை ஒவ்வொன்றாக எடுத்து அததற்குரிய கட்டத்தில் வைப்பான். தன் பக்கத்தை மட்டுமல்ல, மற்றவரின் பக்கத்தையும் அவனே அடுக்குவான். குதிரைகள் எல்லாம் நேரே முன்னுக்குப் பார்க்க வேண்டும். ஒன்று கொஞ்சம் சரிந்து நின்றாலும் விரல் நுனியால் திருப்பி விடுவான். மண்டபத்தைப் பூட்ட வந்தவர் திறப்பைக் கிலுக்கிக்கொண்டு நிற்பார். வவுனியாவில் நடந்த ஒரு மாகாணப் போட்டியில் இதனாலேயே பஸ்ஸைத் தவறவிட்டு, பிள்ளைகள் எல்லோரும் அவனைத் தின்னாத குறையாகப் பார்த்துக்கொண்டு றோட்டில் நின்றார்கள்.

"உனக்கென்ன, மண்டபம் துப்பரவாக்கச் சம்பளம் தருகினமோ?" என்று சுதர்சினி கேட்டாள்.

"ஒருத்தரையும் வெளியில விட்டிட்டு எழும்பக் கூடாது அக்கா" என்றான்.

இருவரும் அப்போது பள்ளிக்கூடப் பிள்ளைகள். அவன் முல்லைத்தீவு மாவட்டத்துக்கு விளையாடுகிறவன், அவள் கிளிநொச்சிக்கு. அவள் அவனுக்கு ஒரு வயது மூப்பு. பெண்களுக்கும் ஆண்களுக்கும் போட்டி வேறு வேறு என்பதால், சுற்றுகளுக்கு இடையில் கிடைக்கிற நேரத்தில் இருவரும் விளையாடுவார்கள். அவள் ஒருமுறையும் வென்றதில்லை. தோற்கிற ஒவ்வொரு முறையும் அவளுடைய காய்களை அவன் அடுக்கிக் கொடுப்பதைப் பார்த்துக்கொண்டிருப்பாள். முதலில் எரிச்சல் வந்தது. பிறகு அது பழகிப்போய், அவன் அடுக்கி முடிக்கும்வரை காத்திருப்பதும் ஆட்டத்தின் ஒரு பகுதி என்றே ஆகிவிட்டது.

டிலக்ஸன் சிலாவத்தைப் பக்கம் கடற்கரையில் பிறந்தவன். தகப்பன் லோறன்ஸ் கடலுக்கும் போவார், கடல் சரியில்லாத மாதங்களில் நந்திக்கடலில் இறால் பிடிப்பார். தாய் றஞ்சனி. டிலக்ஸனுக்கு மேலே ஒரு அண்ணன் இருந்தான். சுவரில் மாதாவின் படத்துக்குப் பக்கத்தில் அவனுடைய படம் தொங்குகிறது. அதற்கு மாலை போடவில்லை. போடக் கூடாது என்பது றஞ்சனியின் கட்டளை. உயர்தரம் முடித்த பிறகு டிலக்ஸன் பரந்தன் சந்தியில் ஒரு போன் திருத்தும் கடையில் வேலைக்கு நின்றான். திருத்தக் கொடுத்தவர்களின் போனிலேயே உலகப் போட்டிகளைப் பார்த்து, அவர்களுடைய டேற்றாவை முடித்துவிட்டுத் திருப்பிக் கொடுப்பான் என்று கடைக்காரர் திட்டுவார்.

கிராண்ட்மாஸ்டர்களின் கதைகளைச் சொல்லத் தொடங்கினால் அவன் நிறுத்த மாட்டான். மற்றப் பிள்ளைகள் யார் எத்தனை தரம் சம்பியன் ஆனார், எந்த வயதில் பட்டம் எடுத்தார் என்று மனப்பாடம் செய்வார்கள். அவனுக்கு வேண்டியது அதுவல்ல. எங்கே பிறந்தார், எங்கே போய் முடிந்தார், எந்தக் கொடியின் கீழ் விளையாடினார் என்பதுதான்.

"நைடோர்ஃப் எண்டு ஒருத்தர். போலந்துக்காரர். ஆர்ஜன்ரீனாவில ஒலிம்பியாட் விளையாடப் போனவர். அவர் அங்க நிக்கேக்க இங்கால உலக யுத்தம் தொடங்கிற்று. திரும்பி வர ஏலாமப் போச்சு. பிறகு என்ன செய்தவர் தெரியுமோ? பலகையைப் பாக்காமல், ஒரே நேரத்தில நாப்பது பேரோட விளையாடினவர். ஏன் சொல்லுங்கோ?"

"பெருமைக்கு" என்றாள் சுதர்சினி.

"இல்லை. பேப்பரில பெரிசா வந்தா, போலந்தில ஆரும் சொந்தக்காரர் மிஞ்சியிருந்தா வாசிப்பினம் எண்டு."

"வாசிச்சவையோ?"

"ஒருத்தரும் மிஞ்சேல்லை."

பிறகு கோர்ச்னோய் கதை வரும். சோவியத் வீரர். அம்ஸ்ரர்டாமில் போட்டி முடிந்ததும் ஊருக்குத் திரும்ப மாட்டேன் என்று பொலிசுக்குப் போனவர். "ஒருத்தர் வர ஏலாம நிண்டவர். மற்றவர் வரமாட்டன் எண்டு நிண்டவர். ரெண்டும் வேற அக்கா" என்று முடிப்பான். அந்த வித்தியாசத்தில் இவனுக்கு என்ன இவ்வளவு அக்கறை என்று அவள் அப்போது யோசிக்கவில்லை.

சுதர்சினி தர்மபுரத்தில் வளர்ந்தவள். தகப்பன் சிவராசா சின்ன வயதில் மலைநாட்டிலிருந்து பெற்றோரோடு வன்னிக்கு ஓடி வந்தவர், பிறர் வயலில் கூலிக்கு நின்று பிறகு தனக்கென்று ஒரு துண்டுக் காணி பிடித்தவர். அந்தக் குடும்பத்தில் பல்கலைக்கழகத்துக்குப் போன முதல் ஆள் அவள்தான். பட்டம் எடுத்து, வேலைக்காகக் காத்திருந்து, வேலை கேட்டுப் பட்டதாரிகள் போட்ட போராட்டப் பந்தலில் இருந்து, கடைசியில் கிளிநொச்சியில் ஒரு அலுவலகத்தில் அபிவிருத்தி உத்தியோகத்தர் ஆனாள். அவளுடைய மேசை விளையாட்டுப் பகுதிக்குப் பக்கத்தில் இருந்ததால் மாவட்டச் சதுரங்கச் சங்கத்தின் செயலாளர் பதவியும் அவள் தலையில் விழுந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் உருத்திரபுரத்தில் ஒரு வகுப்பறையைத் திறந்து பிள்ளைகளை விளையாட வைப்பாள். பரந்தனுக்கு வேலைக்கு வந்த பிறகு கிளிநொச்சிச் சங்கத்திலேயே பதிந்துகொண்ட டிலக்ஸனும் சைக்கிளில் வருவான். படித்த படிப்புக்கு இதுதானா வேலை என்று சில நாட்களில் தோன்றும். பிறகு, இதையாவது ஒழுங்காகச் செய்கிறேனா என்றும் தோன்றும்.

கிராண்ட்மாஸ்டர் ஆவது நன்றாக விளையாடுவதால் மட்டும் நடக்கிற காரியம் அல்ல என்பதை அவன்தான் அவளுக்கு விளங்கப்படுத்தினான். நோர்ம் என்று ஒன்று இருக்கிறது. பட்டம் பெற்றவர்களும் வெளிநாட்டவர்களும் ஆடுகிற பெரிய போட்டியில், குறித்த அளவுக்கு மேலே விளையாடிக் காட்டினால் கிடைக்கிற படி. முதலில் சர்வதேச மாஸ்டருக்கு அப்படி மூன்று, பிறகு கிராண்ட்மாஸ்டருக்கு மூன்று. கடலுக்கு அந்தப் பக்கம் சென்னையில், நாங்கள் பேசுகிற தமிழைப் பேசுகிற பிள்ளைகள் கிராண்ட்மாஸ்டர்களாக வந்துகொண்டிருந்தார்கள். அவர்களுக்கு எதிராளி அடுத்த தெருவில் இருந்தான். இவனுக்கு எதிராளி வேண்டுமென்றால் விமானம் ஏற வேண்டும்.

"காய் நகர்த்தத் தெரிஞ்சாப் போதாது அக்கா. பாஸ்போட் நகர வேணும்."

நகர்ந்தது. கொழும்பில் நடந்த தெரிவுப் போட்டியில் மேலே வந்த நான்கு பேரில் டிலக்ஸனும் ஒருவன். ஐரோப்பாவில் ஒரு திறந்த போட்டி, ஒன்பது சுற்று. செலவை ஒரு நலன்விரும்பி ஏற்றுக்கொண்டார்.

சிலாவத்தையில் செய்தி வேறு விதமாகப் பரவியது. லோறன்சோடு கடலுக்குப் போகும் செபமாலை விடியவே வந்து வாசலில் நின்றார்.

"எடேய் டிலக்ஸா, கப்பலில போனாங்கள், லொறிக்குள்ள ஒளிச்சுப் போனாங்கள், கலியாணம் கட்டிப் போனாங்கள். செஸ் எண்டு ஒரு வழி இருக்கிறது எங்களுக்குத் தெரியாமப் போச்சே!"

"விளையாடிப்போட்டு வந்திடுவன் சித்தப்பா."

"ஓமோம், அப்பிடித்தான் சொல்லவேணும். ஆர் கேட்டாலும் இதையே சொல்லு. நல்லாச் சொல்லுறாய்."

அவன் எவ்வளவுக்குச் சத்தியம் பண்ணினானோ அவ்வளவுக்கு அவர்கள் கண்ணைச் சிமிட்டினார்கள். அந்தோனியார் கோயிலில் அவனுக்காகப் பூசை ஒப்புக்கொடுத்தார்கள். பாரிசில் இருக்கிற மருமகனுக்கு வறுத்திடித்த மிளகாய்த்தூள், சுவிசில் இருக்கிற தங்கைக்குப் பனங்கிழங்கில் இடித்த ஒடியல் மா, யாரோ ஒருவருக்குக் கருவாடு என்று பொதிகள் வந்து குவிந்தன. திரும்பி வருகிறவனிடம் யாரும் அதற்கு மறுமொழிப் பொதி கொண்டுவரச் சொல்லவில்லை. தாய் அவனுடைய சேட்டுகளை மடித்தாள்.

இன்னொரு சிக்கல் இருந்தது. முன்பு வேறு விளையாட்டுகளுக்குப் போன சிலர் திரும்பாததால், பயணத்துக்கு அனுமதி கொடுக்கும் கொழும்பு அலுவலகம் ஒரு அரச உத்தியோகத்தரின் பிணை கேட்டது. இவர் போட்டி முடிந்து திரும்பி வருவார், அதற்கு நான் பொறுப்பு என்று ஒரு கையெழுத்து. அவளுடைய அலுவலகத்திலேயே வேலை செய்யும் சங்கத் தலைவர் கணபதி பேனையைத் தொடவே இல்லை. "எனக்கு இன்னும் ரெண்டு வருசத்தில பென்சன் தங்கச்சி. நீர் இளம் ஆள்" என்றார், ஏதோ இளம் ஆட்களுக்குக் கையெழுத்து வலிக்காது என்பதுபோல.

சுதர்சினி படிவத்தை வீட்டுக்குக் கொண்டுவந்தாள். சிவராசா அதைத் தூரத்தில் பிடித்துப் பார்த்தார்.

"போடாத புள்ள. நாம எந்த நாட்டு ஆளுன்னு காட்ட எங்கப்பா கைநாட்டு வச்சு வச்சே வெரலு தேஞ்சு போனாரு. ஒண்ணும் வரல. நம்ம கை பட்ட தாளு நமக்கு நல்லது செஞ்சதே இல்ல."

"அது உங்கட காலம் அப்பா."

"எங்க காலம்னு ஒண்ணு தனியா இருந்துச்சா?"

அவள் அடுத்த நாள் பரந்தனுக்குப் போனாள். டிலக்ஸன் ஒரு போனின் வயிற்றைத் திறந்து வைத்துக்கொண்டு இருந்தான்.

"ஒண்டு கேப்பன். பகிடி விடாமச் சொல்லு. வருவியோ?"

அவன் கையிலிருந்த திருகாணியைக் கீழே வைத்தான். "காய் எல்லாத்தையும் அடுக்கிப்போட்டுத்தான் எழும்புவன் அக்கா. உங்களுக்குத் தெரியும்தானே."

அவள் அந்த இடத்திலேயே கையெழுத்துப் போட்டாள்.

போவதற்கு முந்திய ஞாயிறு அவன் உருத்திரபுரத்துக்கு வந்தான். அங்கே விளையாடுகிறவர்களில் ராஜினி கெட்டிக்காரி. உயர்தரம் படிக்கிறாள், வாய் கொஞ்சம் நீளம். அன்று அவனை வெல்லக்கூடிய இடம்வரை கொண்டுபோய், அவசரப்பட்டு ராணியைக் கொடுத்துத் தோற்றாள்.

"அண்ணா, இது செல்லாது. நீங்க வெள்ளை எடுத்தீங்கள். அடுத்தது எனக்கு வெள்ளை."

"வந்து தாறன்."

"எல்லாரும் நீங்க வரமாட்டீங்கள் எண்டு சொல்லுகினம்."

"உனக்கு வெள்ளை தரவெண்டாலும் வருவன், போ."

அவன் போனான். போட்டியின் இணையப் பக்கத்தில் பெறுபேறுகள் மட்டும் வரும். முன்வரிசை மேசைகளின் ஆட்டங்களை மட்டுமே நேரலையில் பார்க்கலாம், அவனோ பின்வரிசையில் இருந்தான். முதல் ஆட்டம் தோல்வி. இரண்டாவது வெற்றி. பிறகு நம்ப முடியாத ஒன்று நடந்தது. ஒரு கிராண்ட்மாஸ்டரோடு சமநிலை. அடுத்து ஒரு சர்வதேச மாஸ்டருக்கு எதிராக வெற்றி. இன்னொரு கிராண்ட்மாஸ்டருக்கு எதிராகவும் வெற்றி. சுதர்சினி அலுவலகத்தில் கோப்புகளுக்கு நடுவே போனை வைத்து வைத்துப் பார்த்தாள். எட்டாம் சுற்று முடிந்தபோது கணபதியே எழும்பி வந்து, "என்ன தங்கச்சி, உவன் உண்மையா விளையாடத்தான் போயிருக்கிறான் போல" என்றார். கடைசிச் சுற்றில் வென்றால் முதல் நோர்ம். வன்னிக் கரையிலிருந்து போன ஒருவனுக்கு!

"வெள்ளைக் காய் அக்கா. முதலாம் நகர்வே யோசிச்சு வச்சிட்டன்" என்று வெள்ளிக்கிழமை செய்தி அனுப்பியிருந்தான்.

அந்த வெள்ளிக்கிழமை அவள் வீட்டுக்குப் போனபோது சிவராசா வாசலில் இருந்தார். "கொழும்பு ஆபீசுலேருந்து ரெண்டு பேரு வந்தாங்க. வெள்ளைச் சட்ட, மோட்டார் சைக்கிளு. நீ பிணை போட்டதுக்கு விலாசம் சரியான்னு பாக்கவாம். வீட்டப் படம் புடிச்சாங்க. இளநி வெட்டிக் குடுத்தேன். அப்புறம் முல்லைத்தீவுப் பக்கம் போகணும்னு கேட்டாங்க, வழி காட்டி வுட்டேன்" என்றார். படிவத்தின் அடியில் முகவரிகள் நேரில் உறுதிப்படுத்தப்படும் என்று இருந்தது அவளுக்கு ஞாபகம் வந்தது. அவ்வளவுதான் என்று விட்டுவிட்டாள்.

சனிக்கிழமை ஓய்வு நாள், ஞாயிற்றுக்கிழமை கடைசிச் சுற்று. அங்கே காலை, இங்கே மத்தியானம். நன்றாக விளையாடியதால் டிலக்ஸனை முன்வரிசை மேசைக்கு ஏற்றியிருந்தார்கள். முதல்முறையாக அவனுடைய பலகை நேரலையில் தெரியப் போகிறது. உருத்திரபுர வகுப்பறையில் பிள்ளைகள் சுதர்சினியின் போனைச் சுற்றித் தலையோடு தலை முட்டிக்கொண்டு நின்றார்கள். போனை ஒரு தண்ணீர்ப் போத்தலில் சாய்த்து வைத்திருந்தாள்.

பலகை வந்தது. எல்லாக் காய்களும் அததன் கட்டத்தில் நின்றன. கீழே அவனுடைய பெயர், பக்கத்தில் இலங்கைக் கொடி. மணிக்கூடு ஓடத் தொடங்கியது.

"யோசிக்கிறார்" என்றாள் ராஜினி.

மற்ற மேசைகளில் குதிரைகள் வெளியே வந்தன, சிப்பாய்கள் வெட்டுப்பட்டன. இந்த மேசையில் ஒன்றும் அசையவில்லை.

"நெற் வேலை செய்யேல்லைப் போல அக்கா. திருப்பிப் போடுங்கோ."

திருப்பிப் போட்டாள். அதே பலகை. அவனுடைய நேரம் மட்டும் குறைந்துகொண்டே போனது. "முதலாம் நகர்வுக்கு இவ்வளவு யோசிக்க மாட்டாரே" என்று யாரோ மெல்லச் சொன்னார்கள். சுதர்சினிக்கு விளங்கிவிட்டது. விளங்கியதை முகத்தில் காட்டாமல் இருக்க அவள் போனின் வெளிச்சத்தைக் கூட்டுவதுபோல எதையோ அழுத்திக்கொண்டிருந்தாள். தாமதத்துக்கு அனுமதித்த நேரம் முடிந்ததும் எதிராளி வென்றதாகத் திரையில் விழுந்தது. காய்கள் எல்லாம் அப்படியே நின்றன. நான்கு குதிரைகளும் நேரே முன்னுக்குப் பார்த்துக்கொண்டு.

பிள்ளைகள் ஒவ்வொருவராகக் கலைந்தார்கள். ராஜினி மட்டும் நின்றாள். "காய்ச்சல், வருத்தம் ஏதுமோ தெரியாது, என்ன அக்கா?"

"ஓம். வருத்தமாத்தான் இருக்கும்."

மற்ற மூவரும் அன்று மாலையே விமானம் ஏறினார்கள். கடைசி ஆட்டம் முடிந்ததும் எல்லோரையும் மண்டபத்திலிருந்து நேரே விமான நிலையத்துக்குக் கூட்டிப்போவதாக ஏற்பாடு. தப்புகிறவன் அதற்கு முதல்தான் தப்ப வேண்டும்.

அடுத்த நாள் சுதர்சினி முல்லைத்தீவு பஸ் எடுத்தாள். றஞ்சனி முற்றத்தில் இறால் காயப் போட்டுக்கொண்டிருந்தாள். சுதர்சினியைக் கண்டதும் எழும்பி வந்து இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள்.

"என்னோட கோவியாதை பிள்ளை. அவன் வரத்தான் இருந்தவன். நான்தான் வரவேண்டாம் எண்டனான்."

"ஏன் அம்மா?"

"வெள்ளிக்கிழமை ரெண்டு பேர் வந்தவை. வெள்ளைச் சேட்டு. தமிழ் அரைகுறை. 'மகன் எங்க போனது, எப்ப திரும்பி வாறது' எண்டு கேட்டவை. வீட்டைப் படம் எடுத்தவை. என்ர அடையாள அட்டை நம்பரை எழுதினவை. நீயே சொல்லு, எங்கட வாசல்ல நிண்டு இப்பிடிக் கேட்டு எழுதிக்கொண்டு போன ஆக்களால ஆருக்கு நல்லது நடந்தது? பெரியவனையும் இப்பிடித்தான் கேட்டு வந்தவை. அவன் வந்தவுடன கூட்டிக்கொண்டு போய்க் குடுத்தனான், கேட்டிட்டு விடுவினம் எண்டு. இண்டைவரைக்கும் விடேல்லை. ரெண்டாந்தரமும் செய்வனோ?"

சனிக்கிழமை முழுக்க அவள் அவனிடம் போனில் அழுதிருக்கிறாள். பாரிசில் இருக்கும் தன் தமையனுக்கும் அவளே சொன்னாள். அவர் இரவோடிரவாகக் கார் ஓட்டி வந்தார்.

சுதர்சினி வாயைத் திறந்தாள். அந்த இருவரும் தன்னுடைய வீட்டில் இளநீர் குடித்துவிட்டுத்தான் இங்கே வந்தார்கள் என்று சொல்ல வேண்டும். அவர்கள் வந்ததே தன்னுடைய கையெழுத்தைச் சரிபார்க்க. அவன் திரும்பி வருவான் என்று எழுதிய தாள்தான் அவர்களை இந்த வாசலுக்குக் கொண்டுவந்தது. றஞ்சனி வாசலுக்கூடாகத் தெரிந்த மாலை போடாத படத்தை ஒருமுறை பார்த்துவிட்டு, "இவனையாவது காப்பாத்திப் போட்டன் பிள்ளை" என்றாள்.

சுதர்சினி திறந்த வாயை மூடிக்கொண்டு, தந்த தேத்தண்ணியைக் குடித்தாள். பஸ்ஸில் திரும்பி வரும்போது, உண்மையைச் சொல்லாமல் வந்தது இரக்கமா கோழைத்தனமா என்று யோசித்தாள். 

ஒரு மாதத்துக்குப் பிறகு தெரியாத இலக்கத்திலிருந்து அழைப்பு வந்தது.

"அக்கா."

அவளுக்கு ஏசத்தான் மனம். ஆனால் வாயில் வந்தது வேறு. "டிலக்ஸன், அந்த ரெண்டு பேரும் என்ர பிணையைப் பாக்க வந்தவை."

அந்தப் பக்கம் பாத்திரங்கள் உரசும் சத்தம் கேட்டது. "தெரியும் அக்கா. காரில ஏறினாப் பிறகு யோசிச்சுப் பாத்தன். படிவத்தை நானும் வாசிச்சனான்தானே. ஆனா அதுக்குள்ள எல்லை தாண்டிற்றம். மாமா அடுத்த நாளே அகதி வழக்குப் பதிஞ்சிட்டார். பாஸ்போட் இஞ்சத்தை அரசாங்கத்திட்ட. இனி வர ஏலாது."

"அம்மாவுக்குச் சொல்லட்டோ?"

"வேண்டாம். வேண்டாம் அக்கா. காப்பாத்தினன் எண்டு நினைச்சுக்கொண்டு இருக்கட்டும். இல்லாட்டி அவா ரெண்டு பிள்ளையளையும் தானே அனுப்பினதா நினைப்பா."

"விளையாடுறனியோ?"

"சாப்பாட்டுக் கடையில வேலை. காய் தொடுறேல்லை" என்றான். "உங்களுக்கு ஏதும் பிரச்சினையோ?"

"இல்லை" என்றாள். பிரச்சினை இருந்தது. விளக்கம் கேட்டு வந்த கடிதங்களுக்கு அவள் பதில் எழுதிக்கொண்டிருந்தாள். வர முடியாமல் நின்றவரா, வரமாட்டேன் என்று நின்றவரா என்று அவர்கள் கேட்கவில்லை. அவள்தான் தன்னையே கேட்டுக்கொண்டாள். அவன் சொன்ன இரண்டு கதைகளில் எதற்குள்ளும் அவன் அடங்கவில்லை.

அடுத்த வருடத் தெரிவுப் போட்டியில் ராஜினி பெண்களில் இரண்டாவதாக வந்தாள். வெளிநாட்டுப் போட்டி ஒன்றுக்குப் பெயர் போனது. சுதர்சினி பிணைக் கையெழுத்துப் போட்டு அனுப்பினாள். உங்கள் மாவட்டத்தின் பிணையை இப்போதைக்கு ஏற்க முடியாது, முன்னைய வீரர் திரும்பவில்லை என்று இரண்டு வரியில் பதில் வந்தது. மூன்றாவதாக வந்த பிள்ளையை எடுத்தார்கள். சுதர்சினி கொழும்புக்குப் போய் ஒரு நாள் முழுக்க அந்த அலுவலகத்தின் வாங்கில் காத்திருந்தாள். உள்ளே இருந்த அம்மணி கெட்டவர் அல்ல. "நான் என்ன செய்ய? நீங்கள் அவர் வருவார் என்று எழுதினீர்கள்" என்றார்.

அந்த ஞாயிறு அவள் செய்தியைச் சொன்னபோது ராஜினி அழவில்லை. எதிரில் இருந்த கதிரையை இழுத்துக்கொண்டு இருந்தாள்.

"டிலக்ஸன் அண்ணா வந்தா அவையள் என்னை விடுவினமோ?"

"அவனால வர ஏலாது ராஜினி."

"அவர் கதைச்சா இதை மட்டும் சொல்லுங்கோ அக்கா" என்று அவள் பலகையைத் திருப்பி, வெள்ளைக் காய்களைத் தன் பக்கம் கொண்டுவந்தாள். "எனக்கு அவர் ஒரு வெள்ளை தரக் கிடக்கு."